பூனை சிலந்தியைத் தின்றுவிட்டால் நாம் செய்யக் கூடாதவை

பெங்களூர் அல்சூரில் எங்கள் வீட்டுக் கூடத்துச் சுவரில் தொங்கும் தினசரிக் காலண்டருக்குப் பின்னால் ஒரு பெரிய எட்டுக்கால் பூச்சி குடியிருந்தது. கால்களை விரித்தால் உள்ளங்கையை மறைக்கும். பழுப்பு நிறம், தட்டையான உடல். இந்த வகைச் சிலந்தி வலை பின்னுவதில்லை. இருட்டிய பிறகு வெளியே வந்து கரப்பான் பூச்சிகளை ஓடிப் பிடித்துத் தின்னும். பெண் சிலந்தியாக இருந்தால் வட்டமான முட்டைப் பையை உடலுக்கு அடியில் அணைத்துக்கொண்டே திரியும். எங்கள் பூனை மீனு மணிக்கணக்கில் அந்தக் காலண்டரையே பார்த்தபடி உட்கார்ந்திருப்பாள். ஆடி மாதத்தில் ஒரு நாள் காலையில், அவள் வாயோரத்தில் இரண்டு நீளமான கால்கள் இன்னும் துடித்துக்கொண்டிருந்ததைப் பார்த்தேன்.

அன்று வீட்டில் எழுந்த பதற்றமும், அடுத்த அரை மணி நேரத்தில் வந்து சேர்ந்த யோசனைகளுமே இதை எழுதத் தூண்டின. நம் ஊர் வீடுகளில் காணப்படும் சிலந்திகளைத் தின்றதால் பூனைக்கோ நாய்க்கோ பெருந்தீங்கு நேர்வது அரிது. சிலந்தியை ஒழிப்பதற்காகவும், அதைத் தின்ற பிராணியைக் காப்பாற்றுவதற்காகவும் நாம் செய்பவைதான் பல வேளைகளில் அதன் உயிருக்கே ஆபத்தாகின்றன.

முதல் தவறு, 'விஷப்பூச்சியைத் தின்றுவிட்டது' என்று முடிவுகட்டுவது. சிலந்தியின் விஷம் பெரும்பாலும் புரதங்களால் ஆனது. அது பல்லால் தோலைத் துளைத்து உள்ளே செலுத்தப்பட்டால்தான் வேலை செய்யும். வயிற்றுக்குள் போனால் மற்றப் புரதங்களைப் போலவே செரிமானமாகிவிடும். சாகும் முன் சிலந்தி உதட்டிலோ நாக்கிலோ கடித்திருந்தால் பூனை சற்று நேரம் எச்சில் வடிக்கும், முன்னங்காலால் வாயைத் தேய்த்துக்கொள்ளும், ஒரு வேளை உணவை மறுக்கும். பெரும்பாலும் அதற்கு மேல் எதுவும் நிகழ்வதில்லை.

தேரையின் கதை வேறு. அதன் தலைக்குப் பின்புறம் உள்ள சுரப்பிகளில் ஊறும் நஞ்சு வாயில் பட்டாலே போதும். மழைக்காலத்தில் தோட்டத்துத் தேரையை நாய் கவ்வினால் வாய் நுரைத்துத் தள்ளும், அதிகமாக உள்ளே போனால் இதயத் துடிப்பே பாதிக்கப்படும். அப்போது தலையைக் கீழ்நோக்கிச் சாய்த்து, தண்ணீர் தொண்டைக்குள் போகாமல் வெளியே வழியும்படி வாயைக் கழுவிவிட்டு, உடனே மருத்துவரிடம் கொண்டு செல்ல வேண்டும். சிலந்திக்குச் செய்ய வேண்டிய அளவுக்கு மேல் பதறிவிட்டு, தேரையைக் கவ்விய நாயை 'தானே சரியாகிவிடும்' என்று விட்டுவிடுகிறவர்களை நான் பார்த்திருக்கிறேன்.

அன்று மீனுவின் மேலுதடு லேசாகத் தடித்திருந்தது. பக்கத்து வீட்டுப் பாட்டி, அன்பு மிகுந்தவர், எங்களுக்குப் பல முறை உதவியவர், தம் வீட்டு மாத்திரைப் பெட்டியைக் கையோடு எடுத்து வந்துவிட்டார். "சின்ன ஜீவன்தானே கண்ணு, கால் துண்டு குடுத்தாப் போதும், வீக்கம் வத்திடும்" என்றார். அது நாம் காய்ச்சலுக்கு விழுங்கும் 500 மி.கி. பாராசிட்டமால் மாத்திரை. இந்த ஒரு செய்தியை மட்டும் படிப்பவர்கள் மறக்காமல் இருந்தால் போதும் என்று நினைக்கிறேன்: பூனைக்குப் பாராசிட்டமால் எந்த அளவிலும் கொடுக்கக் கூடாது. அந்த மருந்தை முறித்து வெளியேற்றும் நொதி மனிதக் கல்லீரலில் போதிய அளவில் உண்டு, பூனையின் கல்லீரலில் மிகவும் குறைவு. அதனால் மருந்து நச்சுப்பொருளாக மாறி இரத்தச் சிவப்பணுக்களைத் தாக்குகிறது. இரத்தம் உயிர்வளியைச் சுமக்கும் திறனை இழக்கிறது. ஈறுகள் பழுப்பாகவோ நீலமாகவோ மாறுகின்றன. உடல் எடையில் கிலோவுக்கு 10 மி.கி. என்ற அளவிலேயே பூனைகளுக்கு நச்சு ஏறியிருக்கிறது. நான்கு கிலோ பூனைக்கு அது 40 மி.கி. பாட்டி சொன்ன கால் துண்டில் இருப்பதோ 125 மி.கி. இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். பாராசிட்டமால் நஞ்சின் அடையாளங்களில் முகமும் பாதங்களும் வீங்குவதும் ஒன்று. வீக்கம் வற்றவில்லையே என்று இரண்டாவது துண்டையும் கொடுக்கும் வீட்டில் என்ன நடக்கும் என்பதைச் சொல்லத் தேவையில்லை. தெரியாமல் கொடுத்துவிட்டால் அறிகுறிக்காகக் காத்திராமல், மாத்திரை அட்டையை எடுத்துக்கொண்டு உடனே கிளம்ப வேண்டும். நஞ்சை முறிக்கும் மருந்து உண்டு, அது எவ்வளவு விரைவில் கொடுக்கப்படுகிறதோ அவ்வளவுக்குப் பலன் தரும்.

இதே வரிசையில் உப்புக் கரைசலைப் புகட்டி வாந்தி எடுக்க வைப்பதையும் சொல்ல வேண்டும். உப்பு மிகுந்தால் அதுவே மூளையைப் பாதிக்கும் நஞ்சாகிவிடும். கடித்த இடத்தில் சுண்ணாம்பு தடவினால் பூனை அதை நக்கி நாக்கைப் புண்ணாக்கிக்கொள்ளும். பூண்டு இடித்துக் கொடுப்பதும் தவறுதான், ஏனெனில் பூண்டும் வெங்காயமும் பூனையின் சிவப்பணுக்களைச் சிதைப்பவை.

சிலந்தியை ஒழிக்கக் கிளம்பும்போது நடக்கும் தவறுகள் இன்னும் பரவலானவை. சந்தையில் கிடைக்கும் பல பூச்சிக்கொல்லித் தெளிப்பான்களிலும், எறும்புக்கும் கரப்பானுக்கும் தரையில் கோடு போடும் சாக்பீஸிலும் பைரெத்ராய்டு வகை வேதிப்பொருள்கள் உள்ளன. இவற்றைச் சமாளிக்கும் திறன் நாயைவிடப் பூனைக்கு மிகவும் குறைவு. மருந்து பட்ட சிலந்தி ஒன்றைத் தின்பதால் உள்ளே போகும் அளவு சொற்பம். உண்மையான கேடு ஈரம் காயாத தரையிலும் சாக்பீஸ் கோட்டிலும் இருக்கிறது. பூனை அதன்மேல் நடக்கிறது, பிறகு பாதத்தை நக்கிச் சுத்தம் செய்கிறது. தூய்மைப் பழக்கமே அதற்குப் பகையாகிறது. நாய்க்கென விற்கப்படும் உண்ணி மருந்துகள் சிலவற்றில் இதே வகையைச் சேர்ந்த பெர்மெத்ரின் மிகச் செறிவாக உள்ளது. அதைச் சில சொட்டுப் பூனையின் கழுத்தில் விட்டாலே நடுக்கமும் வலிப்பும் வந்து உயிர் போகக்கூடும். நாயும் பூனையும் ஒரே மெத்தையில் படுக்கும் வீட்டில், நாய்க்கு அந்த மருந்தை விட்ட பிறகு இரண்டையும் பிரித்து வைப்பது அவசியம்.

'ரசாயனம் வேண்டாம், இயற்கை முறையே போதும்' என்று நீலகிரித் தைலத்தையோ புதினா எண்ணெயையோ மூலைகளில் தெளிப்பவர்கள் நல்லெண்ணத்தோடுதான் செய்கிறார்கள். ஆனால் செறிவான இந்த வாசனை எண்ணெய்களும் பூனைக்கு நச்சே. அலமாரியில் போடும் பாச்சை உருண்டையும், தரையைத் துடைக்கும் கறுப்பு பினாயிலும் அப்படித்தான்.

அடுத்ததை அழுத்தமாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. நாயின் முகமோ காலோ திடீரென வீங்கியிருந்தால், வீட்டில் எட்டுக்கால் பூச்சியைப் பார்த்த ஞாபகத்தில், 'அதுதான் கடித்திருக்கும்' என்று தீர்மானித்துவிடக் கூடாது. ஒயிட்ஃபீல்ட், சர்ஜாபூர் சாலை, கனகபுரா சாலை என நகரம் விரிந்த பக்கமெல்லாம் புதர் மண்டிய காலி மனைகள் வீடுகளை ஒட்டியே கிடக்கின்றன. அங்கே நல்ல பாம்பும் கண்ணாடி விரியனும் உண்டு. புதரை மோப்பம் பிடிக்கப் போகும் நாய்க்கு மூக்கிலோ முன்னங்காலிலோதான் கடி விழும். விரியன் கடித்த வீக்கம் நேரம் ஆக ஆகப் பரவும், கடுமையாக வலிக்கும், கடிவாயிலிருந்தோ ஈறிலிருந்தோ இரத்தம் கசியலாம். நல்ல பாம்பு கடித்தால் நாய் தள்ளாடும், கண்ணிமை தொங்கும், மூச்சு தடுமாறும். இதில் மருத்துவமனைக்குப் போவதைத் தவிர வேறு மருந்தில்லை. சிலந்திக் கடி என்று எண்ணி மஞ்சள் பூசிக் காத்திருக்கும் ஒவ்வொரு மணி நேரமும் நாயின் ஆயுளிலிருந்தே கழிகிறது. ஹெப்பாலில் உள்ள கால்நடை மருத்துவக் கல்லூரியோடு இணைந்த மருத்துவமனையையும், உங்கள் வீட்டுக்கு அருகில் இரவிலும் திறந்திருக்கும் மருத்துவமனையின் எண்ணையும் முன்கூட்டியே குறித்து வைத்துக்கொள்வது நல்லது. வீங்கியிருப்பது பக், ஷிட்சூ போன்ற சப்பை மூக்கு நாய் என்றால், கடித்தது பூச்சியாகவே இருந்தாலும் தாமதிக்கக் கூடாது. அவற்றின் மூச்சுப் பாதை இயல்பிலேயே குறுகலானது.

பூனையைப் பட்டினி போட்டால் பூச்சிகளை நன்றாக வேட்டையாடும் என்ற எண்ணம் நம் வீடுகளில் தலைமுறையாக இருக்கிறது. வயிறு நிறைந்த பூனையும் வேட்டையாடும். அசையும் பொருளைத் துரத்துவது அதன் பிறவிக் குணம். இங்கிலாந்தின் எக்ஸிடர் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2021-இல் வெளியிட்ட ஆய்வில், இறைச்சிப் புரதம் மிகுந்த உணவு கொடுக்கப்பட்ட பூனைகள் வீட்டுக்குக் கொண்டுவந்த இரைகள் 36 விழுக்காடு குறைந்தன. நாள்தோறும் 5 முதல் 10 நிமிடம் விளையாட்டுக் காட்டப்பட்டவற்றில் 25 விழுக்காடு குறைந்தன. அந்த ஆய்வு எலி, பறவை போன்றவற்றைப் பற்றியது என்றாலும், கயிற்றில் கட்டிய சிறகை இரவில் பத்து நிமிடம் ஆட்டிக் காட்டினால் மீனு காலண்டர் பக்கம் போவது குறைகிறது என்பதை நானே கண்டிருக்கிறேன். பால் சோறு மட்டும் வைத்துவிட்டு, மிச்சப் புரதத்தைப் பூச்சிகளிடமிருந்து தேடிக்கொள்ளட்டும் என்று விடுவதும் பட்டினி போடுவதைப் போன்றதுதான். பூனைக்கு டாரின் என்ற சத்து உணவின் மூலம் கிடைத்தே ஆக வேண்டும், அது இறைச்சியிலும் மீனிலும் இருக்கிறது.

மாடி வீட்டுக்காரர்களுக்கு ஒரு சொல். சிலந்திகள் பால்கனிக் கம்பிகளுக்கு இடையில் வலை கட்டும், பூனை அங்கேதான் தாவும். நியூயார்க் மருத்துவமனை ஒன்றில், உயரமான கட்டடங்களிலிருந்து விழுந்த 132 பூனைகளைப் பற்றிய ஆய்வு 1987-இல் வெளியானது. சிகிச்சை பெற்றவற்றில் பத்தில் ஒன்பது பிழைத்தன என்பதையே பலரும் எடுத்துச் சொல்கிறார்கள். பிழைத்தவற்றிலும் பல, நெஞ்சில் அடிபட்டும் தாடையும் கால்களும் முறிந்தும் வந்தவை. புறாவுக்காகக் கட்டும் வலையை இழுத்துக் கட்டி, கிழிசல் இருக்கிறதா என்று அவ்வப்போது பார்த்துவந்தால் அந்த ஆபத்து பெருமளவு நீங்கும்.

பூனையின் வாயில் சிலந்தியைப் பார்த்துவிட்டால் விரலை விட்டுப் பிடுங்க வேண்டாம். கடி வாங்குவது நாமாகத்தான் இருப்போம். குடிக்கத் தண்ணீர் வைத்துவிட்டு, சில மணி நேரம் கண்காணித்தால் போதும். திரும்பத் திரும்ப வாந்தி, நடுக்கம், வெளிறிய ஈறு, முகம் முழுவதும் வீக்கம், பூனை வாயைத் திறந்து மூச்சு விடுவது ஆகியவற்றில் எது தெரிந்தாலும் அதற்கு மேல் வீட்டில் வைத்திருக்கக் கூடாது. சிதறிக் கிடக்கும் சிலந்தியின் மிச்சத்தை ஒரு டப்பாவில் போட்டு எடுத்துச் செல்லுங்கள், அல்லது கைப்பேசியில் படம் எடுத்துக்கொள்ளுங்கள்.

மீனுவின் உதட்டுத் தடிப்பு மாலைக்குள் வற்றிவிட்டது. நான்கு நாள் கழித்து அதே காலண்டருக்குப் பின்னால் இன்னொரு சிலந்தி வந்து சேர்ந்தது. இம்முறை ஓர் அகலமான பிளாஸ்டிக் டப்பாவைச் சுவரோடு கவிழ்த்து, போன ஆண்டுக் காலண்டரின் அட்டையை அடியில் மெதுவாகச் செருகி, அதைக் கொண்டுபோய்க் கொல்லைப்புற முருங்கை மரத்தடியில் விட்டேன். அந்த அட்டை இப்போது அலமாரி மேலேயே இருக்கிறது, பாட்டியும் ஒரு முறை கேட்டு வாங்கிப் போனார்.