மறந்துபோன சிறுமுதலீட்டுப் படங்களைக் காத்து வெளியிடும் முறை

படச்சுருள் பெட்டியைத் திறந்தவுடன் வினிகர் வாடை அடித்தால், அசிட்டேட் என்னும் பிளாஸ்டிக்காலான சுருள் சிதையத் தொடங்கிவிட்டது என்று பொருள். அதை உடனே மற்றவற்றிலிருந்து பிரித்து, ஈரப்பதம் 30 முதல் 50 விழுக்காட்டுக்குள் இருக்கும் குளிர்ந்த அறையில் வைத்து, முதலில் ஸ்கேன் செய்ய வேண்டியவற்றோடு சேர்க்க வேண்டும். ஓட்டிப் பார்க்கும் ஆசையில் புரொஜெக்டரில் ஏற்றக் கூடாது. சுருங்கிய சுருளின் ஓரத்துளைகள் பற்சக்கரத்தில் கிழிந்துவிடும். நெகட்டிவ் கிடைத்தால் அதையே ஸ்கேன் செய்வது நல்லது. திரையரங்குப் பிரதி மட்டுமே எஞ்சியிருந்தாலும் தயங்க வேண்டாம், இத்தகைய படங்கள் பலவற்றுக்கு அதுவே ஒரே சான்று. 16 மி.மீ. சுருளுக்கு 2கே (அகலவாக்கில் சுமார் 2,000 புள்ளிகள்) தெளிவு பெரும்பாலும் போதும், 35 மி.மீ. நெகட்டிவுக்கு 4கே (சுமார் 4,000 புள்ளிகள்) பொருத்தம். தூசியையும் கீறலையும் நீக்கலாம். ஆனால் மலிவான ஒளியமைப்பையும் படச்சுருளுக்கே உரிய சொரசொரப்பையும் 'திருத்தி' முகங்களை மெழுகுப் பொம்மைகளாக்குவது சீரமைப்பாகாது. மூலக் கோப்பைத் தரம் குறையாமல் சேமித்து, எல்டிஓ எனப்படும், கணினிக் கோப்புகளைச் சேமிக்கும் காந்த நாடாவிலும் ஹார்டு டிஸ்கிலுமாக மூன்று பிரதிகள் எடுத்து, ஒன்றையேனும் வேறு ஊரில் வைக்க வேண்டும்.

வெளியீட்டில் உரிமைதான் பெருந்தொல்லை. தயாரிப்பாளர் மறைந்திருந்தால் வாரிசுகளிடமும், நிறுவனம் கலைந்திருந்தால் அதன் சொத்துகளை வாங்கியவரிடமும் எழுத்துப்பூர்வ ஒப்புதல் பெற வேண்டும். இசை உரிமை தனியே வேறொருவரிடம் இருக்கக்கூடும் என்பதால், ப்ளூ-ரே அச்சிடுவதற்கு முன்பே அதையும் தீர்த்துக்கொள்வது அவசியம்.