சிறை முகாம்களிலிருந்து மீண்டவர்களின் சாட்சியம்: நாம் தவிர்க்க வேண்டிய தவறுகள்

வட கொரியாவின் அரசியல் சிறை முகாம்களிலிருந்து உயிரோடு மீண்டவர்கள் மிகச் சிலர். வெளியே வந்தபின் உலகத்தின் முன் வாய்திறந்தவர்கள் அவர்களிலும் சிலர். அவர்களுடைய வாக்குமூலங்களைப் படிக்கும்போதும் பிறருக்கு எடுத்துச் சொல்லும்போதும், நல்ல நோக்கம் உள்ளவர்கள்கூடச் சில தவறுகளைச் செய்துவிடுகிறார்கள்.

எல்லாவற்றிலும் பெரிய தவறு, ஒருவரின் கூற்றில் ஒரு முரண்பாடு தெரிந்தவுடன் எல்லாருடைய சாட்சியத்தையும் தள்ளிவிடுவது. முகாமிலிருந்து தப்பி வந்து சாட்சி சொன்னவர்களில் ஒருவரான ஷின் டோங் ஹ்யூக், 14ஆம் முகாமில் நடந்ததாகத் தாம் சொன்னவற்றில் சில உண்மையில் 18ஆம் முகாமில் நடந்தவை என்றும், 13 வயதில் பட்டதாகச் சொன்ன சித்திரவதை 20 வயதில் நேர்ந்தது என்றும் 2015 ஜனவரியில் ஒப்புக்கொண்டார். வட கொரிய அரசு இதைப் பிடித்துக்கொண்டு, முகாம்கள் பற்றிய அனைத்துமே பொய் என்றது. ஆனால், ஆஸ்திரேலிய முன்னாள் நீதிபதி மைக்கேல் கிர்பி தலைமையில் 2013இல் அமைந்த ஐ.நா. விசாரணைக் குழு ஒருவரை மட்டும் நம்பி எழுதவில்லை. சியோல், டோக்கியோ, லண்டன், வாஷிங்டன் நகரங்களில் 80க்கும் மேற்பட்டோர் வெளிப்படையாகச் சாட்சி சொன்னார்கள். 240க்கும் மேற்பட்டோரிடம் இரகசியமாக விசாரிக்கப்பட்டது. செயற்கைக்கோள் படங்களும் ஒப்பிட்டுப் பார்க்கப்பட்டன. அடிபட்டு, பட்டினி கிடந்து, தாயையும் அண்ணனையும் தாமே காட்டிக்கொடுத்த குற்ற உணர்வைப் பல ஆண்டுகள் மறைத்து வாழ்ந்த ஷின்னின் நினைவு, நாட்குறிப்பைப் போல ஒழுங்காக இருக்காது. அதற்காக அவருடைய திருத்தத்தை மூடிமறைப்பதும் சரியாகாது. திருத்தத்தையும் சேர்த்து எழுதும்போதுதான் மற்றவர்களின் சொல்லுக்கு மதிப்பு நிற்கும்.

அடுத்தது, எல்லா முகாம்களையும் ஒன்றாக எண்ணுவது. க்வான்லிசோ என்பது பெரும்பாலும் விசாரணையோ தீர்ப்போ இல்லாமல் அரசியல் கைதிகளை அடைக்கும் இடம். க்யோஹ்வாசோ என்பது தண்டனைக் காலம் விதிக்கப்பட்டவர்களுக்கான சிறை. யோடோக் முகாமுக்குள்ளேயே, விடுதலைக்கு வாய்ப்புள்ள பகுதி ஒன்றும் சாகும்வரை வெளிவர முடியாத பகுதி ஒன்றும் இருந்தன. 1977இல் அங்கே கொண்டு செல்லப்பட்ட காங் சோல் ஹ்வானுக்கு அப்போது ஒன்பது வயது. குற்றம் சாட்டப்பட்டவர் தாத்தா. முகாமுக்குப் போனவர்களோ பாட்டி, தந்தை, சித்தப்பா, தங்கை, அவர். தாயை மட்டும் விவாகரத்து செய்ய வைத்து வெளியே விட்டார்கள். அந்தச் சிறுவன் தன் வண்ணமீன்களைத் தொட்டியோடு கையில் பிடித்துக்கொண்டு வண்டியில் ஏறினான், மீன்கள் பிழைக்கவில்லை. 1987இல் அந்தக் குடும்பம் வெளியே வந்தது முதல் வகைப் பகுதியில் இருந்ததால்தான். இந்த வேறுபாட்டை விட்டுவிட்டால், அவர் எப்படி விடுதலையானார் என்ற கேள்வியே அவருக்கு எதிரான சந்தேகமாகிவிடும்.

எண்ணிக்கையைப் பெருக்கிச் சொல்வதும் வேண்டாம். 2014 பிப்ரவரியில் வெளியான ஐ.நா. அறிக்கையின் மதிப்பீடு 80,000 முதல் 1,20,000 கைதிகள் வரை. கொடுமையை உணர்த்த அதுவே போதும். அதேபோல், மீண்டவரை எதிரில் அமரவைத்து, மிகக் கொடூரமான காட்சியைச் சொல்லும்படி தூண்டித் துருவக் கூடாது. சொல்லச் சொல்ல அவர் அதை மறுபடியும் அனுபவிக்கிறார். கேட்பவரின் ஆவலுக்கு ஏற்பச் சொல்ல வேண்டிய நெருக்கடியும் அவருக்கு உண்டாகிறது.

கடைசியாக, பின்தங்கிவிட்ட உறவினரை மறப்பது. 2014 அக்டோபரில் வட கொரியா ஷின்னின் தந்தையைக் காணொளியில் அமர்த்தி, மகன் சொன்னவை பொய் என்று பேச வைத்தது. ஆகவே பெயர், ஊர், முகம் எதையும் மீண்டவரின் தெளிவான சம்மதமின்றி வெளியிடக் கூடாது. பேசியவர் மறுநாள் வந்து ஒரு பெயரை நீக்கச் சொன்னால், காரணம் கேட்காமல் நீக்கிவிட வேண்டும்.