விடிய விடியக் கூத்து: தனியாளாகப் படம்பிடிக்க

சேலம் பக்கத்துக் கிராமங்களில் தெருக்கூத்து இரவு பத்து மணிக்கு மேல் தொடங்கினால் விடியும்வரை போகும். தனியாளாக ஆவணப்படம் எடுக்கப் போகிறவர் முதலில் ஒலியைக் கவனிக்க வேண்டும். படம் சற்று இருட்டடித்தாலும் பார்த்துவிடலாம். கூத்தை நடத்திச் செல்லும் கோமாளியான கட்டியங்காரன் அந்த நேரத்தில் கட்டிப் பேசும் பேச்சு எந்த ஏட்டிலும் கிடையாது. அன்று பதியாவிட்டால் போனதுதான்.

மைக்செட்காரரிடம் பொழுதிருக்கவே பேசி, மிக்ஸரின் வெளியீட்டிலிருந்து ஒரு வயர் வாங்கிக்கொள்ளுங்கள். அது லைன் அளவு, அதாவது மைக்கிலிருந்து வருவதைவிடப் பலமான சிக்னல். ரெக்கார்டரின் மைக் உள்ளீட்டில் அப்படியே செருகினால் ஒலி உடைந்து கரகரக்கும். ரெக்கார்டரிலும் லைன் என்று மாற்றுங்கள். ரெக்கார்டரை பேட்டரியில் ஓட்டுவது நல்லது, மிக்ஸரும் ரெக்கார்டரும் ஒரே கரண்டில் ஓடினால் ‘ம்ம்ம்’ என்ற இரைச்சல் ஏறும். மிக்ஸரில் மைக்குக்கு எட்டியது மட்டும்தான் வரும். சலங்கையும் கூட்டத்தின் சிரிப்பும் வேண்டுமென்றால் பின்பாட்டுக்காரர்களிடமிருந்து மூன்று மீட்டர் தள்ளி இன்னொரு ரெக்கார்டர் வையுங்கள், குழாய் ஸ்பீக்கர் அதன் முகத்துக்கு நேரே இருக்கக் கூடாது. ஒலிப்பதிவுத் தரத்துக்கு 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் போதும். முகவீணை என்ற சிறு குழல் வாத்தியம் திடீரென உச்சத்துக்குப் போகும். அதனால் சாதாரணப் பேச்சு ரெக்கார்டரின் மீட்டரில் −18 டெசிபலைச் சுற்றி நிற்கட்டும்.

ஒவ்வொரு காட்சி மாறும்போதும் கேமராவுக்கு முன்னால் ஒருமுறை கை தட்டுங்கள். தனித்தனிக் கருவிகளின் கடிகாரம் மணிக்கணக்கில் ஓடும்போது விலகும், விடியற்காலையில் உதடும் பேச்சும் ஒட்டாது. அந்தத் தட்டலை வைத்துத்தான் பிறகு படத்தையும் ஒலியையும் பொருத்த முடியும்.

கேமராவை முக்காலியில் பூட்டி, நொடிக்கு 25 பிரேம், ஷட்டர் 1/50 நொடி வையுங்கள். 1/60 வைத்தால் 50 ஹெர்ட்ஸ் மின்சாரத்தில் எரியும் டியூப்லைட் படத்தில் துடிக்கும். ஒயிட் பேலன்ஸை (வெளிச்சத்துக்கேற்ப நிறத்தைச் சரிசெய்யும் அமைப்பு) ஆட்டோவில் விடாதீர்கள், அரிதாரம் பூசிய முகம் காட்சிக்குக் காட்சி நிறம் மாறும். சில பழைய கேமராக்கள் 29 நிமிடம் 59 நொடியில் தானாக நின்றுவிடும். முன்பே சோதித்துப் பாருங்கள். நொடிக்கு 50 மெகாபிட் வேகத்தில் மணிக்கு 22.5 ஜிபி ஆகும், எட்டு மணி நேரத்துக்கு 180 ஜிபி. 4கே ஆசையைவிட இடைவெளியில்லாத ஓர் இரவுப் பதிவே மேல்.

பலரும் தவறவிடுவது ஒப்பனைக் கொட்டகை. மாலையிலேயே அங்கே போய்விடுங்கள். தேங்காயெண்ணெயில் பொடி குழைப்பது, கோடு இழுக்கும் விரல், தோளில் கட்டும் அணியான புஜக்கட்டையைக் கயிற்றால் இறுக்கும்போது நடிகர் மூச்சை இழுத்துப் பிடிப்பது என்று எல்லாவற்றையும் வெட்டாமல் எடுங்கள். எந்த முடிச்சு முதலில் என்று கூத்து வாத்தியாரையே சொல்லச் சொல்லி, அதையும் பதியுங்கள்.

படம் எடுக்க ஜமா (கூத்துக் குழு) வாத்தியார், கோயில் தர்மகர்த்தா இருவரின் சம்மதமும் வேண்டும். சாமி வந்து ஆடுகிறவர் முகத்தில் விளக்கடிக்காதீர்கள்.

ஏற்காட்டுக் குளிரில் கிடந்த கேமராவை மலையிறங்கியதும் வெளியே எடுத்தால் லென்ஸில் நீர் பூக்கும். பையை மூடியபடி அரைமணி நேரம் விடுங்கள்.

தூங்கப் போகுமுன் இரண்டு ஹார்ட்டிஸ்க்கில் நகலெடுத்து, ஊர், தேதி, கதை, யார் எந்த வேஷம், யார் எந்த வாத்தியம் என்று ஒரு தாளில் எழுதிக் கூடவே வையுங்கள். மூன்றாவது நகல் பென்டிரைவில் வாத்தியாருக்கு.