மிளகாய்ப் பாத்தியில் கோரையும் அறுகும்: அடக்கும் முறை

திருகோணமலையில் வீட்டு வளவில் நாலு மிளகாய்க் கன்று வைத்தவர்களுக்குத் தெரியும், ஐப்பசி மழை விழுந்து பத்து நாளானால் கன்றைப் புல்லுக்குள் தேட வேண்டும். அதனால் களை வேலையை ஆவணி, புரட்டாசியிலேயே தொடங்குங்கள். கச்சான் காற்றும் வெயிலும் பாதி வேலையைச் செய்து தரும்.

முதலில் என்ன புல் என்று பாருங்கள். தண்டை விரலிடுக்கில் உருட்டினால் மூன்று பட்டையாகத் தட்டுப்படுகிறதா? அது கோரை. தரையோடு ஓடி, கணுவுக்குக் கணு வேர் விட்டிருந்தால் அறுகு. மற்றப் புல் பூண்டுகளைப் பூக்கும் முன் பிடுங்கினால் போதும்.

கோரைதான் பெரிய வேலை. முதல் வருடம் நான் மேலே தெரிந்ததை மட்டும் பிடுங்கினேன். ஒரு கிழமையில் அதே இடத்தில் முளைத்து நின்றது. காரணம் கீழே இருக்கும் கிழங்கு. முதல் நாள் மாலை பாத்தியை நன்றாக நனைத்து விடுங்கள். காலையில் மண்வெட்டியைச் செடிக்குச் சற்றுத் தள்ளி ஆழமாக இறக்கி, மண்ணோடு நெம்பித் தூக்குங்கள். கொத்தக் கூடாது. கொத்தினால் கிழங்குகள் தனித்தனியாக அறுந்து, ஒவ்வொன்றும் ஒரு செடியாகும். மண்ணை உதிர்த்தால் கறுப்புத் தோல் கிழங்குகள் மெல்லிய நார் வேரில் மணி கோத்த மாதிரி வரும். நசுக்கினால் உள்ளே வெள்ளை, நல்ல வாசம். பெரும்பாலானவை மேல் அரை அடிக்குள்தான் கிடக்கும். பொறுக்கியதைத் தகரத்தில் பரப்பிச் சுருங்கும் வரை காய விடுங்கள். குப்பைக் கிடங்கில் போட வேண்டாம், அங்கேயும் முளைக்கும்.

அறுகையும் இப்படியே, ஓடிய கொடியைத் தொடர்ந்து போய் முழுதாக எடுங்கள். துண்டு விட்டால் திரும்பி வரும்.

சரி, இனி மூடாக்கு, அதாவது களை எழும்பாமல் மண்ணை மூடி வைப்பது. கறுப்புப் பொலித்தீனைக் கோரை குத்திக்கொண்டு மேலே வந்துவிடும். நான் பழைய காட்போட் பெட்டிகளைப் பிரித்து, ஒன்றன் விளிம்பு மற்றதன் மேல் ஏற விரித்து நனைத்து, மேலே நாலு விரல் உயரத்துக்கு வைக்கோல் போடுகிறேன். கந்தளாய், மூதூர்ப் பக்கம் அறுவடை முடிந்தால் வைக்கோலுக்குக் குறைவில்லை. கிடைக்காவிட்டால் பழைய கிடுகும் நல்லது. கோரைக்கும் அறுகுக்கும் நிழல் ஆகாது. மிளகாய்த் தண்டைச் சுற்றி ஒரு சாண் இடம் விடுங்கள், ஒட்டிப் போட்டால் ஈரத்தில் தண்டு அழுகும். பச்சைச் சாணம் வேண்டவே வேண்டாம், அதில் புல் விதை வரும். நன்றாக மக்கிய எருதான் போட வேண்டும்.

பிறகு கிழமைக்கு ஒரு தடவை பாத்தியைச் சுற்றி வாருங்கள். புதுக் கோரை இரண்டு மூன்று இலையோடு நிற்கும்போதே எடுத்துவிட்டால் புதுக் கிழங்கு வைக்க நேரம் இருக்காது. மிளகாயின் அடியில் நிற்பதை மட்டும் தோண்டாமல் கத்தியால் மண்மட்டத்தில் அறுங்கள். மிளகாய் வேர் மேலாகவே ஓடுகிறது.