ஆரஞ்சு பீல்: சர்க்கரை போடுவதற்கு முன்பே கெடும் பண்டம்

டிசம்பர் வந்தால் புதுச்சேரி வீடுகளில் விவிக்கம் கேக்குக்கு ஆயத்தம் தொடங்கிவிடும். ரவையும் ரம்மில் ஊறிய பழங்களும் சேரும் அந்தக் கேக்குக்காக ஆரஞ்சு பீல், அதாவது சர்க்கரைப் பாகில் போட்டுக் காயவைத்த ஆரஞ்சுத் தோல், கேட்டால், சில கடைகளில் டூட்டி ஃப்ரூட்டியை நீட்டுகிறார்கள். அது சாயமேற்றிய பப்பாளிக்காய். அந்த ரோஷத்தில்தான் வீட்டிலேயே செய்ய இறங்கினேன். முதல் ஈடு செருப்புத் தோல் போல இருந்தது. இரண்டாவது ஈடு பாகற்காயைத் தோற்கடித்தது. மூன்றாவது அருமையாக வந்தது. தட்டில் காயப்போட்டபின் தண்ணீர் விட்டுக்கொண்டது.

தவறு பழத்திலேயே தொடங்குகிறது. பெரிய மார்க்கெட்டில் குவித்து வைத்திருக்கும் கமலா ஆரஞ்சு உரிக்கச் சுலபம். ஆனால் அதன் மெல்லிய தோலில் பாகு தங்க இடமில்லை. தடித்த தோலுள்ள ஆரஞ்சோ சாத்துக்குடியோ நல்லது. என்னைக் கேட்டால் நார்த்தங்காய்க்குத்தான் முதலிடம். நாம் அதை உப்பில் போடுவதோடு நிறுத்திக்கொள்கிறோம். ஐரோப்பியர்களோ அதன் நெருங்கிய உறவான சிட்ரானின் தோலை நெடுங்காலமாகப் பாகில் போடுகிறார்கள். பளபளவென்று மின்னும் வெளிநாட்டு ஆரஞ்சின் மேல் பெரும்பாலும் மெழுகு பூசியிருக்கும். வெந்நீரில் போட்டு, கல்லுப்பால் தேய்த்துக் கழுவிய பிறகே தோலை உரிக்க வேண்டும்.

கசக்கும் என்று பயந்து உள்ளே இருக்கும் வெண்பகுதி முழுவதையும் சுரண்டிவிடுகிறவர்கள் உண்டு. பாகைக் குடித்து மெத்தென்று ஆவது அந்தப் பகுதிதான். தொளதொளவென்று தொங்கும் நாரை மட்டும் எடுத்தால் போதும். கசப்பைப் போக்கக் கத்தி வேண்டாம், தண்ணீர் போதும். கால் அங்குல அகலத்தில் நறுக்கிய தோலைப் பச்சைத் தண்ணீரில் போட்டுக் கொதிக்கவிட்டு, ஐந்து நிமிடம் கழித்து அந்த நீரைக் கொட்டிவிடுங்கள். புதுத் தண்ணீர் ஊற்றி இன்னும் இரண்டு முறை இப்படியே செய்யுங்கள். நார்த்தங்காய்க்கு நான்காவது முறையும் தேவைப்படலாம். ஒரு துண்டைக் கடித்துப் பார்த்தால் தெரிந்துவிடும்.

கசப்பு போனதும் பாகில் போடலாம் என்று நினைத்தேனே, அங்கேதான் என் முதல் ஈடு செருப்பானது. தோல் நன்றாக வேகுமுன் சர்க்கரை சேர்த்தால், அதன் பிறகு எவ்வளவு நேரம் கொதித்தாலும் அது மெதுவாகாது. சர்க்கரை தோலிலுள்ள நீரை வெளியே இழுத்து அதை இறுக்கிவிடுகிறது. நகத்தால் அழுத்தினால் தடையில்லாமல் இறங்க வேண்டும். அதற்கு இன்னும் இருபது, முப்பது நிமிடம் ஆகலாம். ஆகட்டும்.

250 கிராம் தோலுக்கு 250 கிராம் சர்க்கரை, 250 மில்லி தண்ணீர் என்பது என் கணக்கு. அடுப்பைக் கூட்டிவைத்தால் பாகு முறுகும், தோலுக்குள் போகாது. சிறு தீயில் முக்கால் மணி நேரத்துக்கு மேல் விட்டால், துண்டுகள் கண்ணாடி போலத் தெளியும். பாகும் ஒற்றைக் கம்பிப் பதத்துக்கு வரும். கரண்டியால் ஓயாமல் கிண்டினால் சர்க்கரை பூத்துவிடும். அதைத் தடுக்கச் சில சொட்டு எலுமிச்சைச் சாறு விடுவது வழக்கம். நான் தாராளமாக அரை மூடி பிழிந்தேன். புளிப்பு சர்க்கரையை உடைத்துவிடும். உடைந்த சர்க்கரை காற்றிலுள்ள ஈரத்தை இழுக்கும். கடற்கரை ஊரில், அதுவும் வடகிழக்குப் பருவமழை பெய்யும்போது, இதைவிடப் பெரிய முட்டாள்தனம் இல்லை. என் மூன்றாவது ஈடு தண்ணீர் விட்டது அதனால்தான்.

மழை நாளில் மொட்டை மாடியை மறந்துவிடுங்கள். கம்பி வலைத் தட்டில் ஒன்றோடொன்று ஒட்டாமல் பரப்பி, மின்விசிறியின் கீழ் ஒரு நாள் வையுங்கள். கேக் சுட்டு அணைத்த ஓவனின் மிச்சச் சூடும் உதவும். தொட்டால் விரலில் பாகு வராமல் லேசாகப் பிசுபிசுக்கும் நேரத்தில்தான் சர்க்கரையில் புரட்ட வேண்டும். ஈரத்தோடு புரட்டினால் சர்க்கரை கரைந்து ஓடும்.

மிஞ்சிய பாகைக் கொட்டிவிட வேண்டாம். எலுமிச்சைச் சாற்றில் கலந்தால் மணக்கும். பீலைக் கண்ணாடி பாட்டிலில் போட்டு மூடி, மறுநாள் பாருங்கள். உட்புறம் வியர்த்திருந்தால் எல்லாவற்றையும் வெளியே எடுத்து, இன்னொரு நாள் விசிறிக்கடியில் பரப்புங்கள்.