கெல்ட் வரலாறு எழுதும்போது வழுக்கும் இடங்கள்

முதலில் பெயர். பழைய ஐரோப்பிய மக்களையும் அவர்கள் மொழியையும் குறிக்கும்போது ‘கெல்ட்’, ‘கெல்டிக்’ என்று ககரத்தில் எழுதுங்கள். 1887இல் கிளாஸ்கோவில் தொடங்கிய கால்பந்துக் குழுவுக்குத்தான் ‘செல்டிக்’.

அடுத்த வழுக்கல் இதைவிடப் பெரிது: பழைய பிரிட்டன், அயர்லாந்து மக்கள் தங்களைக் கெல்ட் என்று சொல்லிக்கொண்டதாக எழுதுவது. கிரேக்கர்கள் ‘கெல்டோய்’ என்றது ஐரோப்பியப் பெருநிலத்தில் வாழ்ந்தவர்களை. கௌல் நாட்டின் (இன்றைய பிரான்ஸும் சுற்றுப்புறமும்) ஒரு பகுதியினர் தங்கள் மொழியில் தங்களைக் கெல்ட் என்பார்கள் என்று சீசரும் எழுதுகிறார். பிரிட்டன் தீவினரை அவர் அப்படிச் சொல்லவில்லை. ஐரிஷ், வெல்ஷ், பிரெட்டன், கார்னிஷ் மொழிகளை ஒப்பிட்டு வெல்ஷ் அறிஞர் எட்வர்ட் லூயிட் 1707இல் நூல் வெளியிட்ட பிறகே தீவுகளுக்கும் அந்தப் பெயர் பரவலாக ஒட்டிக்கொண்டது. ஆகவே இன்று ‘கெல்ட்’ என்பது முதலில் ஒரு மொழிக் குடும்பத்தின் பெயர். இன முத்திரையாக அதைக் குத்தும்போதுதான் கணக்கு பிசகுகிறது.

தொல்லியலிலும் இதே சிக்கல் உண்டு. ஆஸ்திரியாவின் ஹால்ஸ்டாட் உப்புச் சுரங்கத்தை ஒட்டிய இடுகாட்டில் 1846 முதல் ராம்சாவர் தோண்டியெடுத்த பொருள்களும், சுவிட்சர்லாந்தில் நூஷாடெல் ஏரிக்கரையின் லா தென் இடத்தில் 1857இல் கிடைத்தவையும் இரண்டு கலைப்பாணிகளுக்குப் பெயர் தந்தன. லா தென் பாணி வாள் கிடைத்த இடமெல்லாம் கெல்டிக் பேசிய இடம் என்று முடிவு கட்டாதீர்கள். ஸ்பெயினில் பொடொர்ரிட்டா வெண்கலத் தகடுகளைப் பொறித்தவர்கள் பேசியது கெல்டிக் மொழிதான், ஆனால் அதை ஐபீரிய எழுத்தில் எழுதினார்கள். லா தென் கலை அங்கே பெரிதாக வேரூன்றவும் இல்லை.

இங்கிலாந்தின் ஸ்டோன்ஹெஞ்ச் கல்வட்டத்தைக் கெல்ட் மக்களின் ட்ரூயிட் பூசாரிகள் கட்டினார்கள் என்பது சாகாவரம் பெற்ற பிழை. அங்குள்ள பெருங்கற்கள் நின்றது ஏறத்தாழ கி.மு. 2500இல். ட்ரூயிட்களைப் பற்றிய எழுத்துச் சான்றுகளோ அதற்கு இரண்டாயிரம் ஆண்டுக்கும் பிந்தியவை. இரண்டையும் முடிச்சுப் போட்டவர்கள் 17, 18ஆம் நூற்றாண்டு ஆய்வாளர்களான ஆப்ரியும் ஸ்டூக்லியும். வேல்ஸின் ஐஸ்டெட்வோட் கலை இலக்கிய விழாவில் இன்று காணும் கோர்செத் என்ற கவிஞர் அவைச் சடங்கும் தொல்பழமை கொண்டதல்ல. அதை யோலோ மோர்கானுக் என்ற கவிஞர் 1792இல் லண்டனின் ஒரு குன்றில் தொடங்கிவைத்தார். ஆள் கைதேர்ந்த போலி ஏடு தயாரிப்பாளர் என்பது பிறகு வெளிப்பட்டது.

ட்ரூயிட்கள் பாடங்களை எழுதிவைக்காமல் சிலர் 20 ஆண்டுவரை மனப்பாடம் செய்தார்கள் என்கிறார் சீசர். இதை வைத்து ‘எழுத்தறியாத மக்கள்’ என்று எழுதிவிடுகிறார்கள். பிற காரியங்களுக்குக் கிரேக்க எழுத்தைப் பயன்படுத்தினார்கள் என்று அதே இடத்தில் அவரே சொல்கிறார். 1897இல் பிரான்ஸின் கொலினியில் கிடைத்த வெண்கல நாட்காட்டி, ரோமன் எழுத்தில் எழுதிய கௌலிய மொழி.

பின்னல் முடிச்சு அலங்காரத்தை ஆதிகாலக் கெல்ட் கலை என்று போடும் முன் தேம்ஸ் ஆற்றில் கிடைத்த பாட்டர்ஸி கேடயத்தின் படத்தைப் பாருங்கள். சுருள், வளைவு, சிவப்பு எனாமல் எல்லாம் இருக்கும்; முடிச்சு இருக்காது. அந்தப் பின்னல், மத்தியதரைக்கடல் பகுதியிலிருந்தும் ஜெர்மானியக் கைவினையிலிருந்தும் கிறித்துவ மடங்களுக்கு வந்து சேர்ந்தது. கி.பி. 800ஐ ஒட்டிய கெல்ஸ் நூல் என்ற நற்செய்தி ஏட்டில் பழைய சுருளும் புதிய முடிச்சும் ஒரே பக்கத்தில் உட்கார்ந்திருக்கும். ஸ்காட்லாந்தின் குலத்துக்கொரு கட்டத்துணி வழக்கமோ இன்னும் புதிது, பெரும்பாலும் 19ஆம் நூற்றாண்டுச் சரக்கு.

இனி மொழி. ஐரிஷ் தெரிந்தால் வெல்ஷ் புரியும் என்று நினைப்பது தவறு. ஐரிஷ், ஸ்காட்டிஷ் கேலிக், மான்க்ஸ் ஒரு கிளை. வெல்ஷ், கார்னிஷ், பிரெட்டன் இன்னொரு கிளை. பிரெட்டன் பிரான்ஸில் பேசப்பட்டாலும் பழைய கௌலிய மொழியின் நேர் மிச்சமல்ல. பிரிட்டனிலிருந்து கடல் கடந்து குடியேறியவர்கள் கொண்டுபோனது. முதல் கிளையில் ககரம் நிற்கும் இடத்தில் மற்றதில் பகரம் நிற்கும். ‘தலை’ ஐரிஷில் ‘கியான்’, வெல்ஷில் ‘பென்’. ‘ஐந்து’ ‘கூயிக்’, ‘பிம்ப்’.

வெல்ஷ் ஊர்ப்பெயரை அகராதியிலோ வரைபடத்திலோ தேடுகிறவர்கள் இன்னொன்றில் மாட்டுவார்கள். பாங்கோர் என்ற ஊர், ‘பாங்கோருக்கு’ எனும்போது ‘இ வாங்கோர்’. ‘பாங்கோரில்’ எனும்போது ‘அம் மாங்கோர்’. மூன்று ஊர் அல்ல, ஒன்றுதான். பொன்னும் தாமரையும் சேர்ந்து பொற்றாமரை ஆவதுபோல் இங்கே முதலெழுத்து மாறுகிறது, அவ்வளவே.

ஓகம் என்பது அயர்லாந்தின் பழைய கோட்டெழுத்து. அதன் கல்வெட்டுகளில் அடிக்கடி வரும் சொல் ‘மக்வி’: இன்னாருடைய மகனின் என்று பொருள். உடனே நம் ‘மகன்’ நினைவுக்கு வரும், தமிழும் கெல்டிக்கும் உறவு என்று பதிவும் தயாராகிவிடும். நிறுத்துங்கள். உறவு என்றால் மேலே கண்ட ககர-பகர இணை போல, சொல் சொல்லாக ஒழுங்காகத் திரும்ப வர வேண்டும். ஒரு சொல் ஒத்துப்போவது தற்செயல்.

அந்தச் சொல்லைக் கல்லில் படிப்பது எளிது. கல்லின் விளிம்பே நடுக்கோடு. கீழிருந்து மேலாகப் படிக்க வேண்டும். விளிம்பைக் குறுக்கே வெட்டும் ஒரு சாய்கோடு ‘ம்’. விளிம்பின் மேல் ஒரு பள்ளம் ‘அ’. இடப்புறம் ஐந்து கோடு ‘க்வ்’. ஐந்து பள்ளம் ‘இ’. மேலிருந்து கீழாகப் படித்தால் இடம் வலமாகி, ஐந்து கோட்டெழுத்து ‘ன்’ ஆகிவிடும். ஓகத்தில் பெயரைப் பச்சை குத்திக்கொள்ள நினைப்பவர்கள் இதைக் கவனிக்கவும். பிரியாவும் பிரபுவும் கூடுதலாக ஒன்றைக் கவனிக்க வேண்டும்: ஆதி 20 எழுத்தில் ‘ப்’ கிடையாது. அதற்கான குறி பிற்கால ஏடுகளில் சேர்க்கப்பட்டது.