மாசியில் எடுத்த உளுந்து கார்த்திகையில் முளைக்க: காற்றுப் புகா உறையில் விதை காக்கும் முறை

மியான்மரின் (பர்மா) பெகு, ஐராவதிப் பக்கங்களில் நெல் அறுத்த வயலின் மிச்ச ஈரத்திலேயே உளுந்து போட்டு, மாசி பங்குனியில் எடுக்கிறோம். அந்த விதை அடுத்த விதைப்பு வரை எட்டு மாதம் கிடக்க வேண்டும். அதில் ஐந்து மாதம் மழை. சாக்கு வழியே ஈரமும் ஏறும், வண்டும் பெருகும். கார்த்திகையில் பிரித்தால் பாதி உளுத்துப் போயிருக்கும். பிறகு விதைக்கே கடன்.

பயறு வண்டு வயலிலேயே காயின் மேல் முட்டை ஒட்டிவிடுகிறது. புழு பருப்புக்குள் வளர்ந்து, வெயில் காலத்தில் மூன்று நான்கு வாரத்தில் வண்டாக ஓட்டை போட்டு வெளியே வரும். கண்ணுக்குச் சுத்தமாகத் தெரிகிற உளுந்திலும் அது இருக்கலாம். 1980களின் கடைசியில் அமெரிக்காவின் பர்டூ பல்கலைக்கழகத்தார் கேமரூனின் தட்டைப்பயறு விவசாயிகளுக்காக உருவாக்கிய மூன்றடுக்குப் பையும், நெல்லுக்காகச் சர்வதேச நெல் ஆராய்ச்சி நிறுவனம் கொண்டுவந்த ‘சூப்பர் பேக்’ உறையும் ஒரே வழியில்தான் வேலை செய்கின்றன. வெளிக்காற்று புகாததால், உள்ளே இருக்கும் பூச்சிகளே மூச்சு விட்டு ஆக்சிஜனைத் தீர்த்துவிடும். காய்ந்த பருப்பைத் தின்னும் பூச்சி தன் உடம்புக்குத் தேவையான நீரை ஆக்சிஜன் கொண்டுதான் உண்டாக்கிக்கொள்கிறது. அது கிடைக்காவிட்டால் தின்பதை நிறுத்தி, வறண்டு சாகும். மருந்து ஒன்றும் வேண்டாம்.

ஆனால் பை காய வைக்காது. பலரும் தோற்பது இங்கேதான். ஈரமாகக் கட்டினால் பூஞ்சணம் பிடித்து, சாதாரணச் சாக்கைவிட மோசமாகக் கெடும். விதையின் ஈரம் ஒரு சதவீதம் குறைந்தால் அதன் ஆயுள் ஏறக்குறைய இரட்டிப்பாகும் என்பது விதை அறிவியலின் பழைய கணக்கு. உளுந்துக்கு 12 சதவீதமோ அதற்குக் கீழோ வர வேண்டும்.

தார்ப்பாயில் மூன்று விரல்கடை உயரத்துக்கு மேல் போகாமல் பரப்பி, அரை மணிக்கொரு முறை கிளறுங்கள். தார் ரோட்டிலும் வெறும் சிமெண்ட் களத்திலும் உச்சி வெயிலில் விதை உலர்த்தாதீர்கள். சூடு 43 டிகிரி தாண்டினால் முளைப்பு போகும். சமையலுக்கு என்றால் பாதகமில்லை. மாலையில் அள்ளி நிழலில் ஆறவிட்டு, பனி இறங்குமுன் மூடிவிடுங்கள்.

காய்ந்ததா என்று பார்க்க, ஈரமில்லாத கண்ணாடி சீசாவில் கால் பங்கு உளுந்தும் இரண்டு மூன்று கரண்டி வறுத்து ஆறிய தூள் உப்பும் போட்டுக் குலுக்கி, கால் மணி நேரம் விடுங்கள். உப்பு கண்ணாடியில் ஒட்டினால் ஈரம் 15 சதவீதத்துக்கு மேல். ஒட்டாவிட்டாலும் அவசரப்படாதீர்கள், இன்னும் இரண்டு நல்ல வெயில் காட்டுங்கள். அறையின் ஈரப்பதம் காட்டும் சின்ன டிஜிட்டல் மீட்டர் கிடைத்தால் இன்னும் நல்லது: ஒரு பிளாஸ்டிக் பையில் உளுந்தோடு போட்டு இறுக்கிக் கட்டி, நிழலில் ஒரு மணி நேரம் வையுங்கள். பைக்குள் காற்றின் ஈரப்பதம் 65 சதவீதத்துக்கு மேல் காட்டினால் கட்டக் கூடாது; விதைக்கு 55 பக்கம் வந்தால் நிம்மதி.

கட்டும் அன்று சலித்து, கல், குச்சி, வண்டு எல்லாம் எடுத்துவிடுங்கள், உறையைக் குத்துவது அவைதான். உறையை நெய்த சாக்குக்குள் நுழைத்து, ஆறிய உளுந்தைத் தட்டித் தட்டி நிரப்புங்கள். 50 கிலோ உறை நம் கணக்கில் சுமார் 30 வீசை பிடிக்கும். வாயில் ஒரு முழம் விட்டு, காற்றை அமுக்கி வெளியேற்றி, முறுக்கி, மடித்து, சைக்கிள் டியூப் ரப்பரால் இரண்டு இடத்தில் கட்டுங்கள். சுவரை ஒட்டாமல் பலகை மேல் வையுங்கள். ஓர் எலிப் பல் போதும், எல்லாம் வீண். முதல் இரண்டு மாதம் “கொஞ்சம் பார்ப்போம்” என்று பிரிக்கவே கூடாது. பிரித்தால் வண்டுக்குப் புது மூச்சு. அரைப்பையாகவும் வைக்காதீர்கள்.

உறை கிடைக்காத ஊரில், இறுக மூடும் தகர டின்னோ தண்ணீர் பாட்டிலோ கழுத்துவரை நிரப்பினால் அதே பலன். சமையல் உளுந்து கொஞ்சம்தான் என்றால் கிலோவுக்கு 5 மில்லி எண்ணெய் தடவிப் புரட்டலாம். முட்டை மூச்சடைத்துச் சாகும். படுக்கும் வீட்டில் மட்டும் பூச்சி மாத்திரை வைக்காதீர்கள். அதிலிருந்து கிளம்பும் பாஸ்பீன் வாயு ஆளையே கொன்றுவிடும்.

புது முறையை ஊர் நம்ப வேண்டுமென்றால் சோதித்துக் காட்டுவதே வழி. ஒரே குவியலைப் பாதிப் பாதியாக உறையிலும் பழைய சாக்கிலும் போட்டு, தேதி எழுதி, நாலைந்து வீட்டில் வையுங்கள். கட்டும்போதும் விதைப்புக்கு இரண்டு வாரம் முன்பும், பொறுக்காமல் அள்ளிய 100 விதையை ஈரத்துணியில் சுருட்டி ஏழு நாள் வைத்து எண்ணுங்கள். 75 முளைத்தால் நல்ல விதை. பத்துக்குள் வித்தியாசம் தற்செயலாகவும் வரும், அதை வைத்து வாதாட வேண்டாம். எல்லா வீட்டிலும் ஒரே பக்கம் சாய்கிறதா என்று பாருங்கள். முளைப்பு 80-லிருந்து 60-க்கு இறங்கியிருந்தால் விதையளவை மூன்றில் ஒரு பங்கு கூட்ட வேண்டும்.

காலியான உறையை ஊதிப் பிடித்து அமுக்கிப் பாருங்கள். காற்று சீறினால் ஓட்டை இருக்கும் இடத்தில் இருபுறமும் பேக்கிங் டேப் ஒட்டிச் சமையல் பருப்புக்கு வைத்துக்கொள்ளுங்கள். விதைக்கு ஓட்டையில்லாத உறைதான்.